பெயரிடப்படாத பிள்ளை: பிராங்கன்ஸ்டைன் கதையும் அதன் மறுபிறவிகளும்

(மேல்நிலை வகுப்பு நூலக வட்டத்தின் கட்டுரை)

சென்ற ஆண்டு பள்ளி திறந்த இரண்டாம் வாரத்தில் எங்கள் வகுப்புக்கு வெளியூரிலிருந்து ஒரு மாணவி வந்து சேர்ந்தாள். நல்ல உயரம். சிறுவயதில் அடுப்படியில் நேர்ந்த விபத்தின் தழும்பு இடக் கன்னத்திலிருந்து கழுத்து வரை இருந்தது. மூன்றாம் நாள் இடைவேளையில் எங்களுள் ஒருத்தி அவளைப் 'பிராங்கன்ஸ்டைன்' என்றாள். சிலர் சிரித்தோம். சிரிக்காதவர்கள் தலையைக் குனிந்துகொண்டு டிபன் டப்பாவைத் திறந்தோம். 'வேண்டாம்' என்று ஒருத்தியும் சொல்லவில்லை. அந்த வாரம் முழுவதும் அந்தப் பெயர் வகுப்பில் உலவியது.

செய்தி எங்கள் ஆங்கில ஆசிரியையான சிஸ்டரின் காதுக்கு எட்டியது. நல்ல திட்டு விழும் என்று காத்திருந்தோம். சிஸ்டர் திட்டவில்லை. நூலகத்திலிருந்து ஒரு புத்தகத்தைக் கொண்டுவந்து மேசைமேல் வைத்தார். "அந்தப் பேர் யாருடையதுன்னு இதைப் படிச்சிட்டு வந்து சொல்லுங்கம்மா" என்றார். அவ்வளவுதான்.

எங்களுக்குத் தெரிந்த பிராங்கன்ஸ்டைன் கார்ட்டூன் படங்களில் வருபவன்: தட்டைத் தலை, பச்சைத் தோல், கழுத்தின் இருபுறமும் இரும்பு முளை, பேச்சுக்குப் பதில் உறுமல். வெள்ளிக்கிழமைதோறும் நூலக வகுப்பில் ஒருத்தி உரக்கப் படிக்க, மற்றவர்கள் கேட்டோம். கடினமான ஆங்கிலம், முடிக்க மூன்று மாதம் ஆயிற்று. எங்களுக்குத் தெரிந்தது என்று நாங்கள் எண்ணியிருந்தவற்றுள் பெரும்பாலானவை அந்தப் புத்தகத்தில் இல்லவே இல்லை. கற்றுக்கொண்டதைத் தோழியரோடும் பெற்றோரோடும் பகிர்ந்துகொள்ளவே இக்கட்டுரை.

எழுதியவர் யார்?

இந்தப் புதினத்தை எழுதத் தொடங்கியபோது ஆசிரியைக்கு வயது 18. எங்களைவிட ஓரிரண்டு வயதே மூத்தவர்! அவர் பெயர் மேரி. 1797-ஆம் ஆண்டு ஆகஸ்ட் 30-ஆம் நாள் இலண்டனில் பிறந்தார். தாய் மேரி உல்ஸ்டன்கிராப்ட், பெண்களுக்கும் ஆண்களைப் போன்றே கல்வி வேண்டும் என்று வாதாடி 1792-இல் நூல் எழுதியவர். தந்தை வில்லியம் காட்வின் பெயர் பெற்ற சிந்தனையாளர். மகளைப் பெற்ற சில நாட்களிலேயே, அந்தப் பிரசவத்தால் வந்த காய்ச்சலில் தாய் இறந்துவிட்டார். தாயைப் புத்தகங்களின் வழியாகவும் கல்லறையின் வழியாகவுமே அறிந்து வளர்ந்தாள் அந்தப் பெண்.

1814-இல், 16 வயதில், கவிஞர் பெர்சி பிஷ் ஷெல்லியுடன் வீட்டைவிட்டு வெளியேறினார். மறு ஆண்டு பிறந்த பெண் குழந்தை குறைமாதக் குழந்தை. இரண்டு வாரத்திற்குள் இறந்தது. அதைக் கணப்பருகே வைத்துத் தேய்த்துச் சூடேற்றியதும் உயிர் வந்துவிட்டதாக ஒரு நாள் கனவு கண்டு, விழித்ததும் குழந்தை இல்லையே என்று தவித்ததைத் தம் நாட்குறிப்பில் மேரி எழுதி வைத்திருக்கிறார். பிற்காலத்தில் உயிரற்ற உடலுக்கு உயிரூட்டும் கதையை எழுதியவர் இவரே என்பதை நினைக்கும்போது, அக்கதை வெறும் பேய்க்கதையாக எங்களுக்குத் தோன்றவில்லை.

வெயில் வராத கோடை

1815-ஆம் ஆண்டு ஏப்ரலில் இந்தோனேசியத் தீவுகளுள் ஒன்றான சும்பாவாவில் தம்போரா எரிமலை வெடித்தது. அதன் புகையும் துகளும் வானில் பரவி வெயிலை மறைத்ததால் 1816-இல் ஐரோப்பாவில் கோடை வரவில்லை. விளைச்சல் கெட்டது, உணவுப் பஞ்சம் வந்தது. வரலாற்றில் அதற்குக் 'கோடையற்ற ஆண்டு' என்றே பெயர்.

அந்த ஆண்டு மேரியும் ஷெல்லியும் சுவிட்சர்லாந்தில் ஜெனீவா ஏரிக்கரையில் தங்கியிருந்தனர். அருகில் வில்லா தியோதாத்தி என்ற மாளிகையில் கவிஞர் பைரனும், அவருடைய இளம் மருத்துவர் பாலிடோரியும் இருந்தனர். விடாத மழை. வீட்டுக்குள் அடைந்து கிடந்தவர்கள் ஜெர்மானியப் பேய்க்கதைகளைப் படித்துப் பொழுது போக்கினர். ஆளுக்கொரு பேய்க்கதை எழுதுவோம் என்றார் பைரன். பெருங்கவிஞர்கள் இருவரும் தொடங்கியதைப் பாதியில் விட்டனர். பாலிடோரியின் முயற்சி 'வேம்பயர்' என்ற கதையாக 1819-இல் வெளிவந்து, இரத்தம் குடிக்கும் பிரபுக்களின் கதைகளுக்கு வழிகாட்டியது. மேரியோ முழுப் புதினமே எழுதி முடித்தார்.

அன்றைய அறிவியலும் அவருக்குப் பொருள் தந்தது. இத்தாலியர் கால்வானி, இறந்த தவளையின் கால்கள் மின்சாரம் பட்டதும் துடிப்பதைக் கண்டு 1791-இல் எழுதினார். அவருடைய மருமகன் முறையான ஆல்டினி 1803-இல் இலண்டனில் தூக்கிலிடப்பட்ட ஒருவனின் உடலில் மின்சாரம் செலுத்திக் காட்டியபோது தாடை நடுங்கியது. ஒரு கண் திறந்தது. உயிர் என்பது என்ன என்ற பேச்சு எங்கும் இருந்த காலம் அது.

1818 ஜனவரி 1-இல் மூன்று தொகுதிகளாக, 500 படிகள் மட்டும் அச்சாகி நூல் வெளிவந்தது. அதில் ஆசிரியர் பெயரே இல்லை! முன்னுரையை ஷெல்லி எழுதியிருந்ததால் நூலும் அவருடையதே என்று பலர் எண்ணினர். 1823-இல் வந்த இரண்டாம் பதிப்பில்தான் மேரியின் பெயர் அச்சேறியது. 1831-இல் அவரே திருத்தி, நூல் பிறந்த கதையையும் முன்னுரையாகச் சேர்த்தார்.

கதைச் சுருக்கம்

கதை வடதுருவப் பனிக்கடலில் தொடங்குகிறது. வால்டன் என்ற கப்பல் தலைவன் தன் சகோதரிக்கு எழுதும் கடிதங்களே நூலின் வெளிச்சட்டம். பனியில் சாகக் கிடந்த ஒருவனை அவன் காப்பாற்றுகிறான். அவன்தான் ஜெனீவாவைச் சேர்ந்த விக்டர் பிராங்கன்ஸ்டைன். ஆக, பிராங்கன்ஸ்டைன் என்பது படைத்தவனின் குடும்பப் பெயர். படைக்கப்பட்டவனுக்கு நூல் முழுவதிலும் பெயரே கிடையாது. சிஸ்டரின் கேள்விக்கு முதல் விடை இது.

விக்டர் ஜெர்மனியில் இங்கோல்ஸ்டாட் நகரில் படித்த மாணவன். இறந்தவர்களின் உறுப்புகளைச் சேகரித்து, ஏறத்தாழ எட்டடி உயரத்தில் ஓர் உருவத்தை இரகசியமாகச் செய்கிறான். ஒரு நவம்பர் இரவில் அது கண் திறக்கிறது. எப்படி உயிர் வந்தது என்பதை மேரி விளக்கவேயில்லை. சில வரிகளில் அந்தக் காட்சி முடிந்துவிடுகிறது. அடுத்து நடப்பதுதான் முக்கியம். தான் உண்டாக்கியதன் முகத்தைப் பார்த்து அருவருத்து, விக்டர் அறையைவிட்டு ஓடிவிடுகிறான். பிறந்த குழந்தை போல் அவனை நோக்கிக் கையை நீட்டிப் புன்னகைக்கிறது அந்த உருவம். அவன் மீண்டும் ஓடுகிறான்.

கைவிடப்பட்டவன் காட்டில் தானே வாழக் கற்கிறான். ஒரு குடிசையை ஒட்டிய கொட்டிலில் ஒளிந்து, உள்ளே வாழும் ஏழைக் குடும்பத்தைச் சுவர் இடுக்கின் வழியே பார்த்துக்கொண்டே பேச்சும் எழுத்தும் கற்கிறான். வழியில் கிடைத்த மூன்று நூல்களைப் படிக்கிறான். அவற்றுள் ஒன்று மில்டனின் 'இழந்த சொர்க்கம்'. ஆதாமுக்குப் படைத்தவரின் அன்பும் பராமரிப்பும் இருந்தன, எனக்கு யார் இருக்கிறார்கள் என்று அப்போது எண்ணுகிறான். இரவில் அந்தக் குடும்பத்துக்கு விறகு வெட்டி வைக்கிறான். அவர்களும் ஏதோ நல்ல ஆவியின் செயல் என்று மகிழ்கிறார்கள்.

பிள்ளைகள் வெளியே சென்ற ஒரு நாளில், பார்வையற்ற முதியவர் மட்டும் இருக்கும்போது கதவைத் தட்டி உள்ளே போகிறான். முதியவர் அவனுடைய பேச்சைக் கேட்டு அன்பாகப் பதில் சொல்கிறார். அந்த நூலிலேயே அவனோடு ஒரு மனிதர் பரிவாகப் பேசும் இடம் அது ஒன்றுதான். பிள்ளைகள் திரும்பி வருகிறார்கள். ஒருத்தி மயங்கி விழுகிறாள். மகன் தடியால் அடித்து விரட்டுகிறான். பிறகு ஆற்றில் மூழ்கிய ஒரு சிறுமியை அவன் இழுத்துக் கரைசேர்க்கிறான். அதற்குக் கிடைத்த பரிசு துப்பாக்கிக் குண்டு.

அதன்பின் கதை இருள்கிறது. விக்டரின் தம்பி வில்லியத்தை அவன் கொல்கிறான். வீட்டில் வேலை செய்த ஜஸ்டின் என்ற குற்றமற்ற பெண் அந்தப் பழிக்காகத் தூக்கிலிடப்படுகிறாள். கொன்றது யார் என்று விக்டருக்கு நன்றாகத் தெரியும். ஆயினும் வாய் திறக்கவில்லை. தனக்கு ஒரு துணை வேண்டும் என்று அவன் கேட்க, விக்டர் செய்யத் தொடங்கிப் பாதியில் அழிக்கிறான். பழிக்குப் பழியாக விக்டரின் நண்பனும், மணநாள் இரவில் மனைவி எலிசபெத்தும் மாள்கிறார்கள். துரத்திப்போன விக்டர் வால்டனின் கப்பலில் இறக்கிறான். அவனுடைய உடலருகே நின்று அழுபவன் வேறு யாருமல்ல, அவன் வெறுத்த அந்தப் படைப்பே. தானும் வடக்கே போய் நெருப்பில் மாளப்போவதாகக் கூறிப் பனிக்கட்டியின்மேல் இருளில் மறைகிறான். அவன் செய்த கொலைகள் கொலைகளே. மேரி அவற்றை நியாயப்படுத்தவில்லை. ஆனால் அவனைக் கொலைகாரனாக ஆக்கிய வழியை ஒவ்வொரு படியாகக் காட்டிவிடுகிறார்.

மேடையிலும் திரையிலும்

நூல் வெளிவந்து ஐந்தாண்டுகளில், 1823 ஜூலையில், இலண்டன் மேடையில் நாடகமாயிற்று. ஆக்கியவர் பீக் என்பவர். நாடக விளம்பரத்தில் அந்தப் பாத்திரத்தின் பெயருக்கு எதிரே வெறும் கோடு போட்டிருந்தார்கள். பெயரில்லாதவனுக்குப் பெயரிடாமல் விட்ட அந்த உத்தியைப் பார்த்து, நாடகத்துக்குச் சென்றிருந்த மேரி மகிழ்ந்தார். ஆனால் அந்த மேடையிலேயே ஒரு பெரும் மாற்றமும் நடந்துவிட்டது. நூலில் பக்கம் பக்கமாகத் தன் கதையைத் தானே சொல்பவன், நாடகத்தில் ஊமையானான்.

1910-இல் எடிசனின் நிறுவனம் அமெரிக்காவில் இதைச் சிறிய மௌனப் படமாக எடுத்தது. அதில் ஒரு பெரிய கொப்பரையிலிருந்து உருவம் எழுந்து வருகிறது.

1931-இல் யுனிவர்சல் நிறுவனத்துக்காக ஜேம்ஸ் வேல் இயக்கிய படமே உலகெங்கும் பரவிய முகத்தைத் தந்தது. தட்டைத் தலையும் கழுத்து முளைகளும் ஒப்பனைக் கலைஞர் ஜாக் பியர்ஸின் கைவண்ணம். நடித்தவர் போரிஸ் கார்லாப். படத்தின் தொடக்கத்தில் அவருடைய பெயரைப் போடாமல் கேள்விக்குறி மட்டுமே போட்டார்கள். மின்னலும் பொறிகளும் பறக்கும் ஆய்வுக்கூடம் இந்தப் படத்தில் பெரிதாக வளர்ந்தது.

இந்தப் படத்தைச் சிஸ்டர் எங்களுக்குப் போட்டுக் காட்டினார். புத்தகத்தோடு ஒப்பிட்டபோது இரண்டு மாற்றங்கள் எங்களை நெடுநேரம் பேச வைத்தன.

முதலாவது, மூளை. படத்தில் உதவியாளன் ஃபிரிட்ஸ் நல்ல மூளை இருந்த குப்பியைக் கீழே போட்டு உடைத்துவிட்டு, குற்றவாளியின் மூளையை எடுத்து வருகிறான். எனவே அந்த உருவம் தீயதாவதற்குக் காரணம் பிறவியிலேயே இருக்கிறது. புத்தகத்தில் அப்படி எதுவும் இல்லை. அவன் பிறக்கும்போது கெட்டவனல்லன். பிறர் நடத்திய விதமே அவனைக் கெடுத்தது. கெட்ட மூளை என்று சொல்லிவிட்டால் பார்க்கிறவர்களுக்கு நிம்மதி. 'நம்மால் அல்ல' என்று எழுந்து வீட்டுக்குப் போய்விடலாம். மேரி அந்த நிம்மதியைத் தரவில்லை.

இரண்டாவது, ஏரிக்கரைச் சிறுமி. படத்தில் மரியா என்ற சிறுமி அவனைக் கண்டு பயப்படவில்லை. கையைப் பிடித்து அழைத்துப் போய், பூக்களை நீரில் மிதக்கவிடக் கற்றுத் தருகிறாள். கையிலிருந்த பூக்கள் தீர்ந்ததும், அவளும் பூப்போல மிதப்பாள் என்று எண்ணி அவளைத் தூக்கி நீரில் போட்டுவிடுகிறான். அவள் மூழ்குகிறாள். அவன் பதறி ஓடுகிறான். தணிக்கைக்காக, தூக்கிப் போடும் பகுதியை வெட்டிவிட்டார்கள். விளைவு என்ன? அவன் கை நீட்டுவதோடு காட்சி முடிய, பார்த்தவர்கள் அதைவிடக் கொடியதைக் கற்பனை செய்துகொண்டார்கள். வெட்டிய பகுதி மீண்டும் சேர்க்கப்பட்டது 1980-களில்தான். புத்தகத்தில் சிறுமியைக் காப்பாற்றியவன் படத்தில் சிறுமியைக் கொல்கிறான். எனினும் அறியாமையால் கொன்றான் என்பதைக் கார்லாபின் முகம் சொல்லிவிடுகிறது.

1935-இல் அதே இயக்குநர் 'பிராங்கன்ஸ்டைனின் மணமகள்' எடுத்தார். எல்சா லாஞ்செஸ்டர் என்ற நடிகையே தொடக்கத்தில் மேரி ஷெல்லியாகவும் இறுதியில் மணமகளாகவும் நடித்தார். பார்வையற்ற துறவி ஒருவர் அவனுக்கு உணவளித்து, வயலின் வாசித்து, பேசக் கற்றுக்கொடுக்கிறார். நூலின் முதியவரை இங்கே மீண்டும் சந்திக்கிறோம். ஆனால் அவனுக்காகவே உண்டாக்கப்பட்ட மணமகளும் அவனைக் கண்டதும் அலறுகிறாள்.

பிறகு வந்தவை ஏராளம். 1948-இல் அவனை வைத்துச் சிரிப்புப் படம் எடுத்தார்கள். 1957-இல் இங்கிலாந்தின் ஹாமர் நிறுவனம் வண்ணத்தில் எடுத்தது. பழைய ஒப்பனையைப் பயன்படுத்த உரிமையில்லாததால் கிறிஸ்டோபர் லீக்குப் புதிய முகம் செய்தார்கள். 1971-இல் அமெரிக்காவில் அவனுடைய முகம் சிறுவர் காலையுணவுப் பெட்டியிலும் ஏறியது. 1974-இல் மெல் புரூக்ஸ் பழைய படங்களையே கேலி செய்து சிரிக்க வைத்தார்.

ஸ்பெயினின் விக்டர் எரிசே 1973-இல் எடுத்த 'தேன்கூட்டின் ஆவி' பற்றிச் சிஸ்டர் கூறியதும் எங்களுக்குப் பிடித்தது. 1940-ஐ ஒட்டிய காலம். ஒரு சிற்றூருக்குச் சுற்றுச் சினிமாக்காரர்கள் 1931-ஆம் ஆண்டுப் படத்தைக் கொண்டு வருகிறார்கள். ஆனா என்ற சின்னஞ்சிறுமி அதைப் பார்த்துவிட்டு, அவன் ஏன் அந்தப் பெண்ணைக் கொன்றான், பிறகு அவனை ஏன் கொன்றார்கள் என்று தன் அக்காளிடம் கேட்கிறாள். பெரியவர்கள் பயந்து பார்த்த படத்தில் குழந்தை சரியான கேள்வியைப் பிடித்துவிட்டாள்.

அண்மைக் காலத்தில் கலைஞர்கள் புத்தகத்துக்கே திரும்பி வந்திருக்கிறார்கள். 1994-இல் கென்னத் பிரானா எடுத்த படம் பனிக்கடலில் தொடங்குகிறது. ராபர்ட் டி நீரோ ஏற்ற பாத்திரம் பேசுகிறது, சிந்திக்கிறது. 2011-இல் இலண்டன் நேஷனல் தியேட்டரில் டேனி பாயில் இயக்கிய நாடகத்தில் பெனடிக்ட் கம்பர்பாட்ச், ஜானி லீ மில்லர் இருவரும் ஒரு நாள் படைத்தவனாகவும் மறுநாள் படைக்கப்பட்டவனாகவும் மாறி மாறி நடித்தார்கள். இருவருக்கும் இடையே உள்ள தூரம் எவ்வளவு குறைவு என்பதைக் காட்ட இதைவிட நல்ல வழி உண்டா? ஈராக்கிய எழுத்தாளர் அகமது சதாவி 2013-இல் எழுதிய அரபுப் புதினத்தில், குண்டுவெடிப்புகளில் இறந்தவர்களின் உறுப்புகளைச் சேர்த்துப் பாக்தாத் நகரில் ஓர் உருவம் உண்டாகிறது. 2025-இல் கில்லர்மோ டெல் டோரோவின் படம் வந்தது. அதில் படைக்கப்பட்டவனுக்குத் தன் கதையைச் சொல்லத் தனிப் பகுதியே உண்டு. இறக்கும் தறுவாயில் விக்டர் அவனிடம் மன்னிப்புக் கேட்கிறான். மேரியின் புத்தகத்தில் அந்த மன்னிப்பு இல்லை. இருநூறு ஆண்டுகளாக ஊமையாக்கப்பட்டும் பேசவிடப்பட்டும் வந்தவன் இப்போது மீண்டும் பேசுகிறான்.

நாங்கள் கற்றது

இது அறிவியலுக்கு எதிரான கதை என்று பலர் சொல்வதுண்டு. மனிதன் கடவுளின் இடத்தைப் பிடிக்கலாகாது என்பதே பாடம் என்பர். அதுவும் நூலில் உண்டு, மறுக்கவில்லை. ஆனால் எங்களுக்கு அதைவிடப் பெரிதாகப் பட்டது வேறு. விக்டர் உயிர் கொடுத்தான், அதன்பின் ஓடிவிட்டான். பெயர் வைக்கவில்லை, உண்ணக் கொடுக்கவில்லை, ஒரு சொல் பேசவில்லை. ஆதியாகமத்தில் கடவுள் தாம் உண்டாக்கியதைப் பார்த்து, நல்லது எனக் கண்டார். விக்டர் தான் உண்டாக்கியதைப் பார்த்துக் கண்ணை மூடிக்கொண்டான்.

பார்வையற்ற முதியவரின் பகுதியைப் படித்த வெள்ளிக்கிழமையில் உரக்கப் படிக்கும் முறை புதிய மாணவியுடையது. அவள் தடுமாறாமல் படித்து முடித்தாள். பிறகு, "இத்தனை பக்கத்தில் அவனுக்கு ஒரு பேர் வைக்கணும்னு ஒருத்தருக்கும் தோணலையே?" என்று மட்டும் கேட்டாள். யாரிடமும் பதில் இல்லை. அவளுக்கு நல்ல பெயர் இருந்தும் வேறு பெயர் வைத்தவர்கள் நாங்கள். ஜஸ்டின் தூக்குமேடை ஏறியபோது உண்மை தெரிந்தும் வாய் மூடியிருந்த விக்டரைக் கண்டு எங்களுக்குக் கோபம் வந்ததே, அன்று டிபன் டப்பாவைத் திறந்துகொண்டிருந்த நாங்கள் மட்டும் யார்?

மன்னிப்புக் கேட்டோம். அவள் அன்று ஒன்றும் சொல்லவில்லை. சொல்லியே ஆகவேண்டும் என்று கேட்க எங்களுக்கு உரிமையும் இல்லை. இரண்டு வாரம் கழித்து, இந்தக் கட்டுரைக்குக் குறிப்பு எடுக்க அவளே வந்து அமர்ந்தாள். இதை எழுதியவர்கள் எட்டுப் பேர். அவளும் அவர்களுள் ஒருத்தி. தன் கதையை எழுதலாம், ஆனால் எட்டில் எந்தப் பெயர் தன்னுடையது என்று தெரியக்கூடாது என்றாள். ஆகவே எங்கள் எண்மர் பெயரையும் அச்சிடவில்லை.

சிஸ்டரின் கேள்விக்கு எங்கள் விடை இதுதான்: அந்தப் பெயர் ஓடிப்போனவனுடையது.

வகுப்பில் கலந்து பேச

1. படைக்கப்பட்டவன் செய்த கொலைகளுக்கு விக்டர் எவ்வளவு பொறுப்பு? அவன் தானே எவ்வளவு பொறுப்பு?

2. துணை ஒருத்தியைப் படைத்துத் தருவதாகச் சொல்லிவிட்டுப் பாதியில் அழித்தது சரியா? இரு பக்கமும் வாதிடுக.

3. பார்வையற்ற முதியவர் மட்டும் அன்பாகப் பேசியது ஏன்? இதிலிருந்து பார்வை உள்ளவர்கள் அறியவேண்டியது என்ன?

4. 1931-ஆம் ஆண்டுப் படத்தில் வரும் 'குற்றவாளியின் மூளை' கதையின் பொருளை எவ்வாறு மாற்றுகிறது?

5. உங்கள் வகுப்பில் யாருக்கேனும் பட்டப்பெயர் உண்டா? அதை வைத்தது யார்? அதை ஏற்றுக்கொள்கிறாயா என்று அவளை யாராவது கேட்டதுண்டா?